பதினொரு கட்டில், பதினொரு நிலையம்

அரசாங்கம் கிழவிகளைப் பற்றிக் கவலைப்படத் தொடங்கிய அன்றைக்கே புஷ்பம் எழுந்து ஓடியிருக்க வேண்டும். ஓடுவதற்குக் கண் தெரியவில்லை. வலது கண் போன வருடமே அணைந்துவிட்டது. இடது கண்ணிலும் பூ விழுந்து, எதிரே நிற்பது ஆளா வாழைமரமா என்று பிடிபடக் கொஞ்ச நேரம் ஆகும். வாழைமரம் பேசாது என்பதால் ஒரு மாதிரிச் சமாளித்துக்கொண்டிருந்தாள்.

கொடகவெல ஊருக்கு மேலே, ரப்பர் மலை முடிந்து தேயிலை மலை தொடங்கும் இடத்தில் இருக்கிறது வெள்ளக்கல் தோட்டத்து முதியோர் இல்லம். முன்னே அது பிள்ளைக் காம்பரா. தாய்மார் வேலைக்குப் போகும்போது பிள்ளைகளை விட்டுவிட்டுப் போவார்கள். தோட்டத்தில் பிள்ளைகள் குறைந்து கிழடுகள் கூடியபோது தொட்டில்களைக் கழற்றிவிட்டுப் பதினொரு கட்டிலைப் போட்டார்கள். கை கழுவும் தொட்டி மட்டும் இன்னமும் மூன்று வயதுப் பிள்ளையின் உயரத்தில்தான் இருக்கிறது. குனிந்து முகம் கழுவுவது இடுப்புக்கு நல்லது என்று தோட்ட நிர்வாகம் சொன்னது. நிர்வாகத்தின் இடுப்பு கொழும்பில் இருப்பதால் யாரும் மறுத்துப் பேசவில்லை.

பதினொரு கட்டிலிலும் பதினொரு பெண்கள். ரப்பர் பால் வெட்டினவர்கள், தேயிலைக் கொழுந்து பறித்தவர்கள். அவர்களுக்குள் ஒரு வழக்கம் உண்டு. தன் காசைத் தான் வைத்துக்கொள்ளக் கூடாது, பக்கத்துக் கட்டில்காரியிடம் கொடுத்துவைக்க வேண்டும். யார் தொடங்கினார்களோ தெரியாது, ஏன் தொடங்கினார்கள் என்பது எல்லாருக்கும் தெரியும். ஞாயிற்றுக்கிழமை ஆனால் மகன்மார் வருவார்கள். ஒரு றாத்தல் பாண், இரண்டு வாழைப்பழம், அதோடு ஒரு அழுகை.

புஷ்பத்தின் மகன் சதீஸ் பெல்மடுல்லையில் த்ரீவீல் ஓட்டுகிறவன். வந்து கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, "அம்மா, லீசிங் ரெண்டு மாசம் நிக்குதும்மா, வீல தூக்கிட்டுப் போயிருவாங்கம்மா" என்பான். புஷ்பம் தலையில் கை வைத்து, "மாரியாத்தா மேல சத்தியமா எங்கிட்ட ஒரு சதமும் இல்லப்பா. இந்தா, பொட்டியத் தொறந்து பாரு" என்பாள். அவள் சொன்னது உண்மை. காசு இரண்டடி தள்ளி, அடுத்த கட்டிலில் இருக்கும் கிறேசின் தகரப் பெட்டியில் இருக்கும். கிறேஸ் அப்போது கண்ணை மூடிச் செபமாலை உருட்டிக்கொண்டிருப்பாள்.

சொந்த மகன் அழுதால் தாய்க்குப் பொறுக்காது. அடுத்தவள் மகன் அழுதால் கொஞ்சம் பொறுக்கும். அந்தக் கொஞ்சத்தின் மேல்தான் இந்த ஏற்பாடு முழுவதும் ஒன்பது வருடமாக நின்றது. புஷ்பத்தின் காசு கிறேசிடம், கிறேசின் காசு அதற்கடுத்த கட்டிலில், இப்படியே சுற்றிவந்து கடைசிக் கட்டில் சாலியின் காசு முதல் கட்டில் புஷ்பத்திடம். ஒரு துண்டு எழுத்து கிடையாது. ஒரு சச்சரவும் கிடையாது.

புஷ்பத்தின் காசுக்கு ஒரு வேலை இருந்தது. பெரியாஸ்பத்திரியில் இடது கண்ணை வெட்டிப் பூவை எடுக்கத் திகதி கொடுத்துவிட்டார்கள், ஐந்து மாதம் தள்ளிப் பத்தொன்பது. வெட்டுவது இலவசம். உள்ளே வைக்கிற லென்ஸை மட்டும் வெளியில் வாங்கிக்கொண்டு போக வேண்டும், முப்பத்தெட்டாயிரம் ரூபா. நாலு வருடமாக அரசாங்கம் கொடுக்கும் முதியோர் காசை மிச்சம் பிடித்துக் கிறேசிடம் சேர்த்தது நாற்பத்தோராயிரம். பிந்தினால் இந்தக் கண்ணும் போய்விடும் என்று டொக்டர் சொல்லியிருந்தார். ஆஸ்பத்திரிக் காயிதத்தை அவளுக்கு வாசித்துக் காட்டியவளும் கிறேஸ்தான்.

"பயப்படாதடி. பத்தொம்போதாந் தேதி காலையில பொட்டியத் தொறந்து ஒங் கையில வச்சிட்டுத்தான் நான் பல்லே வெளக்குவேன்" என்றாள் கிறேஸ்.

இந்த நிலைமையில்தான் ஸ்ரீதரன் வந்து சேர்ந்தார்.

எங்கோ ஒரு நாட்டுப்புறத்து முதியோர் இல்லத்தில் கிழடுகளின் காசை யாரோ சுருட்டிவிட்டார்களாம். உடனே மாகாணத்தில் ஒரு புதுப் பிரிவு திறந்தார்கள். 'வதிவோர் பணத்தைக் கையாளும் பராமரிப்பு நிலையங்களுக்கான அனுமதிப் பிரிவு' என்று பெயர். பெயர்ப் பலகைக்கு நீளம் போதாமல் கந்தோர்ச் சுவரை நீட்டினார்கள் என்று பேச்சு. சுருட்டியவனைப் பிடித்தார்களா என்றால், அது வேறு பிரிவின் வேலை. ஸ்ரீதரன் இந்தப் பிரிவின் உதவிப் பணிப்பாளர். கழுத்தில் அட்டை, கையில் கைந்நூல், வாயில் பாசம்.

"அம்மாமாரே, நானும் தோட்டத்து லயத்துல பொறந்தவன்தான். எங்கம்மாவும் பால் வாளி தூக்குனவங்கதான். அதனாலதான் ஒங்களுக்கு என்ன வேணும்னு ஒங்ககிட்ட கேக்குற அவசியமே எனக்கு இல்ல" என்று பேச்சைத் தொடங்கினார்.

கிழவிகள் கை தட்டினார்கள். நம்ம பிள்ளை ஒன்று இவ்வளவு பெரிய ஆளாகி, வெள்ளைச் சட்டையோடு வந்து, நம்ம பாஷையில் பேசுகிறதே என்று புஷ்பம் மற்றவர்கள் நிறுத்திய பிறகும் தட்டினாள். அவர் முகம் தெரியவில்லை. சட்டையின் வெள்ளை தெரிந்தது.

ஸ்ரீதரன் இல்லத்தின் வார்டன் சாள்ஸிடம் திரும்பி, வதிவோர் பணம் எவ்வளவு கையாளுகிறீர்கள் என்று கேட்டார். சாள்ஸ் பயந்த சுபாவம் உள்ள மனுசன்.

"ஒரு சதமும் இல்லீங்க சேர். சமைச்சுப் போடுறது, மருந்து குடுக்குறது, அவ்வளவுதான்."

ஸ்ரீதரனின் முகம் விழுந்துவிட்டது. கைந்நூலைப் புரட்டினார். "பணம் கையாளாத எடத்துக்கு அனுமதிப்பத்திரம் குடுக்க முடியாது. அனுமதிப்பத்திரம் இல்லாத எடத்த நடத்தவும் முடியாது. அப்போ மூட வேண்டியதுதான்" என்றார் வருத்தத்தோடு.

சாள்ஸுக்கு வியர்த்துவிட்டது. இல்லத்தை மூடினால் பதினொரு பேரும் பதினொரு மகன்மாரின் காம்பராவுக்குத்தான் போக வேண்டும். புஷ்பம் பதறிப்போய்க் கையைத் தூக்கினாள். அந்தக் கையையும் அன்றைக்குத் திறந்த வாயையும் பிறகு அவள் எத்தனை தடவை சபித்திருப்பாள் என்று கணக்கில்லை.

"நான் கையாளுறேங்க ஐயா! சாலியோட காசு எங்கிட்டதான் இருக்கு. அஞ்சு சதம் கொறையாம இருக்கு!"

அடுத்தவள் காசு தன்னிடம் இருக்கிறது என்பது அந்த இல்லத்தில் ஒரு பெருமை. ஒருத்தி சொன்னால் மற்றவள் விடுவாளா? "நான் புஷ்பத்தோடத வச்சிருக்கேன்" என்றாள் கிறேஸ். "நான் இவளோடத." "நான் அவளோடத." பதினொரு கையும் மேலே நின்றன. சொந்தக் காசு யாரிடம் இருக்கிறது என்று ஸ்ரீதரன் கேட்டதும், "ஒரு சதமும் இல்லீங்க!" என்று பதினொரு பேரும் ஒரே குரலில் சொன்னார்கள். இதைவிட நேர்மை வேறு என்ன வேண்டும் என்ற நினைப்பு அவர்களுக்கு.

ஸ்ரீதரன் கைந்நூலின் நாலாம் பக்கத்தைத் திறந்து வாசித்தார். தன்னுடன் வதியும் பிறிதொருவரின் பணத்தைக் காவலில் வைத்திருக்கும் ஆளோ அமைப்போ எதுவாயினும் அது பராமரிப்பு நிலையம் எனப்படும். மூடி வைத்துவிட்டு மறுபடி திறந்து இன்னொரு தடவை வாசித்தார். பிறகு கட்டில்களை ஒவ்வொன்றாக எண்ணினார். அந்த வருடத்துக்கு மாவட்டம் முழுவதற்கும் அவருக்குக் கொடுத்திருந்த இலக்கு ஒன்பது நிலையம். இங்கே ஒரு கூரைக்குக் கீழேயே பதினொன்று இருந்தது.

"அம்மா, நீங்க வெறும் கெழவி இல்ல" என்றார் புஷ்பத்தின் தோளில் கை வைத்து. "நீங்க ஒரு நிலையம்."

புஷ்பத்துக்குச் சந்தோசமாகத்தான் இருந்தது. மோசம் போகிறவர்களுக்கு முதலில் அப்படித்தான் இருக்கும்.

பிறகு வேலைகள் தொடங்கின. பதினொரு நிலையத்துக்கும் பதினொரு விண்ணப்பம், ஒவ்வொன்றும் இருபத்தாறு பக்கம், ஒவ்வொன்றுக்கும் திருப்பிக் கொடுக்கப்படாத கட்டணம் இரண்டாயிரம் ரூபா, இனி வருகிற முதியோர் காசில் கழித்துக்கொள்வார்கள். நில அளவையாளர் ஒருவர் வந்து கட்டில்களை அளந்து படம் கீறினார். புஷ்பம் நிலையத்தின் எல்லைகள்: வடக்கே சுவர், கிழக்கே ஜன்னல், தெற்கே கிறேஸ் நிலையத்தின் செருப்பு, மேற்கே பொதுவழி. ஒவ்வொரு நிலையத்துக்கும் பெயர்ப் பலகை, மணல் வாளி, வருகையாளர் புத்தகம், முறைப்பாட்டுப் பெட்டி. முறைப்பாடு காணாமல் போகக் கூடாது என்பதற்காகப் பெட்டியின் சாவி, யார் மேல் முறைப்பாடு போடுவார்களோ அந்தப் பொறுப்பாளரிடமே கொடுக்கப்பட்டது.

வயதில் ஒரு சிக்கல் வந்தது. நிலையப் பொறுப்பாளர் அறுபது வயதைத் தாண்டியிருக்கக் கூடாது என்று விதி. இல்லத்தில் சேர்வதற்கோ அறுபது நிறைந்திருக்க வேண்டும். ஸ்ரீதரன் இதற்கெல்லாம் அசருகிறவர் இல்லை, வயதுத் தளர்வு விண்ணப்பம் என்று ஒன்று எடுத்துக் கொடுத்தார். 'தளர்வு கோருவதற்கான காரணம்' என்ற இடத்தில் சாள்ஸ் பதினொரு தடவை 'வயசாகிவிட்டது' என்று எழுதி அனுப்பினான். காரணத்துக்கு ஆதாரம் இணைக்கப்படவில்லை என்று பதினொன்றும் திரும்பி வந்தன. படம் பிடித்து அனுப்பினார்கள். படங்களைப் பார்த்ததும் பிரிவு ஒத்துக்கொண்டது.

இவ்வளவையும் கிழவிகள் சிரித்துக்கொண்டேதான் தாங்கினார்கள். கட்டில்களைப் பிரித்தபோதுதான் சிரிப்பு நின்றது. இரண்டு நிலையங்களுக்கு இடையே குறைந்தது பத்தடி இருக்க வேண்டுமாம். மண்டபத்தில் நாலு கட்டில்தான் நின்றது. மற்றவை வராந்தாவுக்கும், குசினி வாசலுக்கும், விறகுக் காம்பராவுக்கும், மழை அடித்தால் நனையும் கொழுந்து நிறுக்கும் பழைய மடுவத்துக்கும் போயின. கிறேசுக்கு மண்டபத்தில் மின்விசிறிக்குக் கீழே இடம் கிடைத்தது. புஷ்பத்தைக் கை கழுவும் தொட்டிப் பக்கம் தள்ளினார்கள், நடுவில் ஒரு சுவர்.

ஒன்பது வருடமாக இராத்திரி இடையில் எழுந்தால் கையை நீட்டினால் போதும், கிறேஸ் கை கிடைக்கும். இப்போது கையை நீட்டினால் சுவர்தான் தட்டியது.

"ஐயா, எனக்குக் கண்ணு தெரியாதுங்க. கிறேசு பக்கத்துல இருந்தா ஒத்தாசையா இருக்கும்" என்று ஸ்ரீதரனிடம் கெஞ்சினாள்.

"அதத்தாம்மா நாங்க தடுக்கப் பாக்குறோம். ஒருத்தருக்கு ஒருத்தர் ஒத்தாசையா இருந்தா, அங்க நடக்குற எதையும் எங்களால கண்டுபிடிக்க முடியாது" என்றார் அவர் அன்பாக.

பிறகு பயிற்சி. டவுனில் ஒரு ஹோட்டல் மண்டபத்துக்குப் பதினொரு பேரையும் பஸ்ஸில் ஏற்றிப் போனார்கள். ஏசிக் குளிரில் கிழவிகளின் பற்கள் தந்தியடித்தன. சுவரில் எழுத்துகள் வந்து வந்து போயின. புஷ்பத்துக்கு எதுவும் தெரியவில்லை. தோட்டத்துப் பள்ளியில் ஐந்தாம் வகுப்பு வரை படித்த கிறேஸ் முதலில் அவள் காதோடு காதாக வாசித்துச் சொன்னாள். அரை மணித்தியாலத்தில் அந்தக் குரல் நின்றது. என்னடி ஆச்சு என்று தொட்டுப் பார்த்தாள். கிறேஸ் குனிந்து கொப்பியில் எழுதிக்கொண்டிருந்தாள்.

"ஒரு நிலையத்துக்கு இருக்குற பெரிய ஆபத்து என்னா?" என்று மேடையில் நின்று ஸ்ரீதரன் கேட்டார். பதிலையும் அவரே சொன்னார். "காசு குடுத்தவங்கதான்! அவங்க எப்பவும் திருப்பிக் கேக்கலாம். அத மனசுல வச்சுத்தான் எல்லாப் படிவமும் தயாரிச்சிருக்கோம்."

"நல்லாச் சொல்றாரு" என்றாள் கிறேஸ். புஷ்பம் அதைக் கேலி என்றுதான் எடுத்துக்கொண்டாள்.

முடிவு வந்தபோது பத்து விண்ணப்பங்கள் விழுந்துவிட்டன. 'இப்படிவத்தை நானே வாசித்து விளங்கிக்கொண்டேன்' என்ற கடைசி வரியில் கையெழுத்துப் போடத் தெரிந்தவள் கிறேஸ் ஒருத்திதான். மற்றவர்கள் பெருவிரல் வைத்திருந்தார்கள். தகுதியில்லாத பத்து நிலையங்களின் காவலில் இருந்த பணம் முழுவதும், இடைக்கால ஏற்பாடாக, தகுதியுள்ள ஒரே நிலையத்துக்கு மாற்றப்பட்டது. கிறேசின் சொந்தக் காசு மட்டும், தன் காசைத் தானே வைத்திருப்பது நம்பத்தகாத செயல் என்பதால், பிரிவிலேயே வைக்கப்பட்டது. கட்டணம் திருப்பிக் கொடுக்கப்படவில்லை, பிரித்த கட்டில்களும் பழைய இடத்துக்கு வரவில்லை.

அனுமதிப்பத்திரத்தைச் சட்டம் போட்டுக் கிறேசின் தலைமாட்டில் மாட்டினார்கள். ஒரு மேசை, ஒரு நாற்காலி, இரும்புப் பெட்டி ஒன்று, ஒரு ரப்பர் முத்திரை. 'திருமதி சா. கிறேஸ், நிலையப் பொறுப்பாளர்' என்று கறுப்புப் பலகையில் வெள்ளை எழுத்து. முப்பத்தாறு வருடம் தோட்டத்துச் செக்ரோல் புத்தகத்தில் ஒரு நம்பராக இருந்தவள். பால் தண்ணியாக இருக்கிறது என்று வாளியை எட்டி உதைத்த கங்காணிக்கும் கும்பிடு போட்டவள். அவள் பேருக்கு முன்னால் இதுவரை யாரும் திருமதி போட்டதில்லை. அந்தப் பலகையை அவள் ஒரு நாளைக்கு நாலு தடவை துடைத்தாள். இதில் அவளைக் குறை சொல்லவும் மனம் வரவில்லை, சொல்லாமல் இருக்கவும் முடியவில்லை.

பத்தொன்பதாம் திகதிக்கு ஒரு வாரம் இருக்கும்போது புஷ்பம் சுவரைத் தடவித் தடவி மண்டபத்துக்குப் போனாள்.

"அடி கிறேசு, காசக் குடுடி. சாள்ஸ் தம்பி நாளைக்கு டவுனுக்குப் போவுது. லென்ஸ வாங்கிட்டு வரச் சொல்றேன்."

"நம்பர் எடுத்தியா?" என்றாள் கிறேஸ்.

புஷ்பம் சிரித்தாள். கிறேஸ் சிரிக்கிற சத்தம் கேட்கவில்லை.

"என்னாடி வெளையாட்டு? நாந்தான் புஷ்பம்."

"அது தெரியுது. அடையாள அட்டை கொண்டாந்தியா? போம் ஏழு நெரப்பணும். மூணு கொப்பி. செவ்வாய்க்கெழமை, வெள்ளிக்கெழமை, ஒம்போதுலருந்து பதினொன்னு மட்டுந்தான். இன்னைக்குப் புதன்."

"கிறேசு!"

"கத்தாத புஷ்பம். எனக்கும் மனசு கேக்கலதான். நா முந்தி மாதிரி இல்லடி இப்ப. மேல பதில் சொல்லணும். ஒருத்திக்குச் சும்மா தூக்கிக் குடுத்தேன்னு தெரிஞ்சா லைசனப் புடுங்கிருவாங்க."

"என் காசுடி அது! என் கண்ணுடி!"

"அதெல்லாம் எழுதலாம். 'மீளப்பெறுவதற்கான காரணம்'னு ஒரு எடம் இருக்கு" என்று சொன்ன கிறேஸ், படிவத்தை எடுத்துத் தானே வாசிக்கத் தொடங்கினாள். இரண்டாம் பக்கத்தின் அடியில் வந்ததும் அவள் குரல் தடுமாறியது. "இங்க ஒன்னு இருக்கு. பணம் வதிவோர் கையில குடுக்கப்படாது. நெருங்கிய ஒறவுக்காரர் வந்து கையெழுத்துப் போட்டு, அவர் கையிலதான் குடுக்கணும்."

புஷ்பம் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

நெருங்கிய உறவு என்று அவளுக்கு இருந்தது சதீஸ் ஒருத்தன். எவன் கண்ணில் படக் கூடாது என்று ஒன்பது வருடம் காசை ஒளித்தாளோ, எவன் முன்னால் மாரியாத்தா மேல் சத்தியம் செய்தாளோ, அவனைத்தான் கூப்பிட்டுக் கையில் கொடுக்கச் சொல்கிறது படிவம். இது கிறேசுக்குத் தெரியாதா? உலகத்தில் வேறு யாருக்குத் தெரியும்? சதீஸ் அழுத ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் இரண்டடி தள்ளிக் கிடந்தவள் அவள்தானே.

"வேணாம் கிறேசு. ஒனக்குத் தெரியுமேடி. நீயே சாள்ஸ் தம்பி கையில குடுத்துரு. ஒன் காலப் புடிச்சிக்கிறேன்."

"காலயெல்லாம் தொடாத. வெளியாளுங்க பாத்தா நிலையத்துக்கு மரியாத இல்ல" என்றாள் கிறேஸ். குரல் உடைந்துதான் இருந்தது. உடைந்த குரலிலேயே சாள்ஸைக் கூப்பிட்டுச் சதீஸுக்குப் போன் கோல் போடச் சொன்னாள்.

வேறு எதற்காவது கூப்பிட்டால் இரண்டு மாதத்துக்கு வராத சதீஸ் இரண்டு மணித்தியாலத்தில் வந்து நின்றான். வெள்ளிக்கிழமைவரை பொறுக்க முடியாது என்று சொன்னவனுக்குக் கிறேஸ் 'அவசரப் படிவம்' ஒன்று எடுத்துக் கொடுத்தாள். அப்படி ஒரு படிவம் இருப்பது புஷ்பத்துக்குச் சொல்லப்படவில்லை. அது உறவினர்கள் மட்டும் பாவிப்பதற்கானது.

மூன்று கொப்பியிலும் சதீஸ் அழகாகக் கையெழுத்துப் போட்டான். கிறேஸ் முத்திரையை மூன்று தடவை குத்தினாள். புஷ்பம் கையை நீட்டிக்கொண்டு நின்றாள். நோட்டுகள் சரசரத்துக்கொண்டு அவள் கையைத் தாண்டிப் போகிற சத்தம் கேட்டது.

"எவ்வளவு காசும்மா! எங்கிட்ட இல்ல இல்லன்னு சொன்னியேம்மா" என்றான் சதீஸ். அவனுக்கு உண்மையாகவே மனம் நொந்துவிட்டது. நாற்பத்தோராயிரத்தை ஒளித்த தாயிடம் இனி எப்படிப் பேசுவது என்று அவனுக்குத் தெரியவில்லை. தன்னைத்தான் எல்லாரும் ஏமாற்றிவிட்டதாக அவன் நினைத்தான்.

"அது கண்ணுக்குப்பா. லென்ஸ் வாங்கணும்பா. பத்தொம்போதாந் தேதிப்பா."

"நாளைக்கே வாங்கிட்டு வாறேம்மா. சத்தியமா."

பத்தொன்பதாம் திகதி விடிந்ததும் புஷ்பம் குளித்து, துவைத்த சேலை கட்டி, மாற்றுத்துணிப் பையை மடியில் வைத்துக்கொண்டு வராந்தாவில் உட்கார்ந்தாள். றோட்டில் போன ஒவ்வொரு த்ரீவீல் சத்தத்துக்கும் எழுந்து நின்றாள். பத்து மணிக்குச் சாள்ஸ் சதீஸுக்குப் போன் போட்டான், அடித்துக்கொண்டே இருந்தது. மத்தியானம் சதீஸின் பெண்சாதி எடுத்து, லீசிங்காரர்கள் வண்டியைத் தூக்கிவிட்டார்கள், காசைக் கட்டித்தான் வெளியில் எடுத்தது, மாமியிடம் சொல்லப் பயந்துகொண்டு அவர் படுத்திருக்கிறார் என்றாள். ஆஸ்பத்திரியில் அடுத்த திகதி எட்டு மாதம் தள்ளி என்றார்கள். அது வரைக்கும் கண் பொறுக்குமா என்று சாள்ஸ் கேட்டதற்குப் பதில் சொல்லாமல் வைத்துவிட்டார்கள்.

மகனைத் திட்டப் புஷ்பத்துக்கு வாய் வரவில்லை. அவன் எப்போதும் அப்படித்தான். அப்படி என்று தெரிந்துதானே ஒளித்தாள். அவளுக்கு நெஞ்சு எரிந்தது கிறேசை நினைத்துத்தான். நம்பாதவன் ஏமாற்றினால் காசோடு போகிறது. நம்பினவள் ஏமாற்றினால் அந்த ஒன்பது வருடமும் சேர்ந்து போகிறது. கிறேஸ் இரண்டு தடவை தேத்தண்ணி கொண்டுவந்தாள். இரண்டு தடவையும் புஷ்பம் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

இடது கண்ணில் மிச்சமிருந்த வெளிச்சம் இரண்டு மாதத்தில் குறைந்து குறைந்து, கடைசியில் பகலா இரவா என்பதைக் குசினிச் சத்தத்தை வைத்துத்தான் அவள் கண்டுகொண்டாள்.

அந்த நேரம் பார்த்து விருது வந்தது. மாவட்டத்தின் சிறந்த நிலையம் என்று கிறேஸ் நிலையத்தைத் தெரிவு செய்திருந்தார்கள். பந்தல் போட்டு, வாழைமரம் கட்டி, ஸ்பீக்கர் வைத்தார்கள். கிறேஸ் புது வெள்ளைச் சேலை உடுத்தியிருந்தாள்.

"இந்த மாவட்டத்துலயே முதல் தடவையா," என்று ஸ்ரீதரன் மைக்கில் முழங்கினார், "ஒரு வதிவோரோட பணம் முறைப்படி, மூணு கொப்பியோட, ஒரு முறைப்பாடும் இல்லாம, குடும்பத்துக்கிட்ட ஒப்படைக்கப்பட்டிருக்கு. இதுக்குத்தான் நாங்க பாடுபட்டோம்."

புஷ்பம் எழுந்து நின்றாள்.

"ஐயா, நான்தாங்க அந்த வதிவோரு. எம் மயன் கையில போகக் கூடாதுன்னுதான் இவகிட்ட குடுத்து வச்சேன். ஒம்போது வருசம் இவ காப்பாத்துனா. நீங்க வந்து காப்பாத்துனதும் போயிருச்சுங்க. என் கண்ணும் போயிருச்சுங்க."

 ஸ்ரீதரன் மேடையிலிருந்து இறங்கி வந்து அவள் கையைப் பிடித்துக்கொண்டார்.

"அம்மா, ஒங்க வேதன எனக்குப் புரியுது. ஆனா பணம் காணாமப் போகல பாருங்க. எங்க இருக்குன்னு நமக்குத் தெரியும். கண்ணு சம்பந்தமா எங்க படிவத்துல எடம் இல்ல. இருந்திருந்தா கட்டாயம் கவனிச்சிருப்போம்." பிறகு சாள்ஸ் பக்கம் திரும்பி, "வதிவோர் திருப்திப் படிவம் இவங்ககிட்டதான் எடுக்கணும். இது இல்லாம விருதக் குடுக்க முடியாது" என்றார்.

படிவத்தில் ஐந்து கட்டங்கள். திருப்தியில்லை என்பதிலிருந்து மிகவும் திருப்தி என்பது வரை. வாசிக்கத் தெரியாதவர்களுக்கு நிலையப் பொறுப்பாளர் உதவலாம் என்று அடியில் ஒரு குறிப்பு. கிறேஸ் மேசையைச் சுற்றி வந்து புஷ்பத்தின் பெருவிரலைப் பிடித்து மையில் தோய்த்தாள். எத்தனையோ நாளைக்குப் பிறகு அந்தக் கை.

"நீ சொன்னது சரிதான்டி" என்று கிறேஸ் அவள் காதுக்குள் சொன்னாள். "எல்லாம் என் தப்புத்தான். திருப்தியில்லன்னு இருக்கு பாரு, அந்தக் கட்டத்துலதான் வைக்கிறேன். விருதும் வேணாம் ஒன்னும் வேணாம். அழுத்தி வையி."

 புஷ்பத்தின் கோபம் பொலபொலவென்று உதிர்ந்தது. என்ன இருந்தாலும் என் கிறேஸ் அல்லவா, எத்தனை வருடத்துப் பழக்கம், நான்தான் அவசரப்பட்டு வெறுத்துவிட்டேன் என்று நினைத்தாள். அந்த நினைப்போடு, இருந்த பலத்தையெல்லாம் கூட்டி விரலை அழுத்தினாள்.

ஸ்ரீதரன் படிவத்தை எடுத்துக்கொண்டு மேடை ஏறி, எல்லாருக்கும் கேட்கும்படி மைக்கில் வாசித்தார்.

"மிகவும் திருப்தி!"

பந்தல் கை தட்டியது. கேமரா சத்தம் கேட்டது. புஷ்பத்தின் கை இன்னும் கிறேசின் கைக்குள்தான் இருந்தது. கைதட்டல் அடங்கும் வரைக்கும் அவள் அதை எடுக்கவில்லை. அடங்கிய பிறகு, மறு கையால் தடவிக் கிறேசின் புதுச் சேலை முந்தானையைக் கண்டுபிடித்து, அதில் தன் பெருவிரலை ஒரு பொட்டு மை மிச்சம் இல்லாமல் நிதானமாகத் துடைத்தாள்.

"பொய் சொல்லக்கூட ஒனக்கு நாந்தான்டி கெடச்சேன்" என்றாள்.

கிறேஸ் என்னவோ சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் விருது வாங்க அவள் பேரை மைக்கில் கூப்பிட்டார்கள், திருமதி போட்டு. புஷ்பம் நாற்காலிகளில் முட்டி மோதிக்கொண்டு வெளியே நடந்தாள். சாலி ஓடிவந்து கையைப் பிடித்தாள். புஷ்பம் அதையும் உதறிவிட்டாள்.